தொட்டுக்க என்ன இருந்துச்சு?

ஏப்ரல் லீவுக்கு வீட்டுக்குப் போகும்போது ஒரு ஃபைல் நிறைய குறிப்புகளோடு போனேன். வரலாற்றுப் பாடத்துக்கு ஒரு கட்டுரை எழுத வேண்டியிருந்தது. மலையகத் தோட்டங்களில் கூலியும் உணவும் என்பது தலைப்பு. இரண்டு வாரம் லைப்ரரியில் உட்கார்ந்து, எந்த ஆண்டு என்ன சட்டம் வந்தது, அரிசியை எப்படிக் கொடுத்தார்கள், அதைக் கூலியில் எப்படிக் கழித்தார்கள் என்று ஒரு அட்டவணையே போட்டு வைத்திருந்தேன். கொஞ்சம் பெருமையாகவும் இருந்தது.

எங்கள் வீடு ரத்தோட்டைக்கு மேலே ஒரு தோட்டத்தில் இருக்கிறது. சாயங்காலம் அம்மாயி இஸ்தோப்பில் உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் உட்கார்ந்து என் அட்டவணையை அவருக்கு வாசித்துக் காட்டினேன். முழுதும் கேட்டார். கடைசியில் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"அரிசி சரி புள்ள. தொட்டுக்க என்னா குடுத்தானாம்?"

குறிப்புகளைப் புரட்டிப் பார்த்தேன். ஒன்றும் இல்லை. அம்மாயி சிரித்துவிட்டு எழுந்து போய், அடுப்பில் விறகை ஒதுக்கி, தணலில் ரெண்டு கத்தரிக்காயைப் போட்டார். அன்றைக்கு ராத்திரி எங்களுக்குச் சோற்றோடு சுட்ட கத்தரிக்காய். இந்தக் கட்டுரை அந்தக் கேள்விக்கு என்னால் முடிந்த பதில்.

காகிதத்தில் இருக்கிற சோறு

முதலில், காகிதத்தில் என்ன இருக்கிறது என்று பார்ப்போம்.

தோட்டத்து ஆட்களுக்கு அரிசி கொடுப்பது கோப்பிக் காலத்திலிருந்தே தோட்ட நிர்வாகத்தின் வேலை. கொடுத்த அரிசிக்கான காசைக் கூலியில் பிடித்துக்கொள்வார்கள். கங்காணியிடம் வாங்கிய முன்பணம், வந்த வழிச்செலவு, அரிசிக்காசு என்று எல்லாம் கழிந்த பிறகு கையில் மிச்சம் வருவது சொற்பம். 1927ஆம் ஆண்டு இந்தியத் தொழிலாளர்களுக்கான குறைந்தபட்சக் கூலிச் சட்டம் வந்தபோது, அரிசியை எந்த விலைக்கு மேல் விற்கக்கூடாது என்பதும் கூலியோடு சேர்த்தே பேசப்பட்டது. அந்த அளவுக்கு அரிசியும் கூலியும் ஒன்றாகப் பிணைந்து கிடந்தன.

அடுத்தது 1942. இரண்டாம் உலகப் போரில் பர்மா ஜப்பானியர் கைக்குப் போனது. இலங்கை சாப்பிட்ட அரிசியில் பெரும் பங்கு அங்கிருந்துதான் வந்துகொண்டிருந்தது. உடனே பங்கீடு வந்தது. கூப்பன் என்ற சொல் எல்லார் வாயிலும் ஏறியது. தலைக்கு இவ்வளவு என்று அளந்து கொடுத்தார்கள். அம்மாயி இன்றைக்கும் ஏதாவது மட்டமான அரிசியைப் பார்த்தால் "கூப்பன் அரிசி மாதிரி" என்றுதான் சொல்வார்.

ஆக அரிசிக்குச் சட்டம் இருக்கிறது, விலை இருக்கிறது, செக்ரோலில் கணக்கு இருக்கிறது. காரணம் எளிது. கூலியில் கழிக்க வேண்டிய பொருளுக்குக் கணக்கு வைத்தே ஆக வேண்டும். தொட்டுக்கொள்வதற்கு யாரும் ஒன்றும் கொடுக்கவில்லை, அதனால் யாரும் எழுதவும் இல்லை. அதை அந்தந்த வீட்டுப் பொம்பளைகள்தான் தேடிக்கொள்ள வேண்டும். கானோரமாக முளைத்த கீரை, லயத்துக்குப் பின்னால் நட்ட நாலு கத்தரிச் செடி, கடையில் கடனுக்கு வாங்கிய கருவாடு, பக்கத்துச் சிங்களக் கிராமத்திலிருந்து வந்த பலாக்காய், தேங்காய்.

யோசித்துப் பார்த்தால் ஒரு நாள் முழுக்கப் பெரட்டுக்கு எப்போது போவது, எந்த மலையில் கொழுந்து எடுப்பது, எத்தனை கிலோ எடுப்பது, என்ன அரிசி சாப்பிடுவது என்று எல்லாவற்றையும் வேறு யாரோ முடிவு செய்தார்கள். தொட்டுக்க என்ன என்பது மட்டும்தான் அந்த வீட்டுக்காரி தானே எடுத்த முடிவு. வரலாற்றில் எழுதாமல் விட்டது சரியாக அந்த ஒன்றைத்தான்.

வடக்கு ரோடு

மாத்தளைக்காரர்களான எங்களுக்கு இந்த ரோட்டைப் பற்றிச் சொல்லாமல் எதையும் சொல்ல முடியாது.

தமிழ்நாட்டிலிருந்து தோணியில் மன்னார்க் கரைக்கு வந்து இறங்கிய சனங்கள், அங்கிருந்து காட்டு வழியாக நடந்து மதவாச்சி, மிகிந்தலை, தம்புள்ளை தாண்டி மாத்தளைக்கு வந்து சேர்ந்தார்கள். மலைநாட்டுக்குள் நுழைகிற வாசல் மாத்தளைதான். இங்கிருந்துதான் கண்டிக்கும் அதற்கு மேலேயும் பிரிந்து போனார்கள். காலராவும் காய்ச்சலும் பட்டினியும் வழியில் எத்தனையோ பேரைக் கொண்டுபோனது. 1914இல் தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் இடையே கப்பலும் அதற்கு ரயிலும் ஓடத் தொடங்கியபோது, இந்த நடை பழைய கதையாகிவிட்டது. 2023இல் மலையக மக்கள் வந்து 200 வருடம் என்று நினைவுகூர்ந்தபோது, தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை அதே வழியில் நடந்தார்கள். ஜூலை 28ஆம் தேதி தொடங்கிய நடை, ஆகஸ்ட் 12ஆம் தேதி எங்கள் டவுனில் வந்து முடிந்தது.

இன்றைக்கு அந்த ரோட்டில் வருவது மரக்கறி லொறி. தம்புள்ளையில் 1999இல் தொடங்கிய பொருளாதார மத்திய நிலையம் நாட்டின் பெரிய மரக்கறி மொத்தச் சந்தைகளில் ஒன்று. அதுவும் எங்கள் மாவட்டத்தில்தான் இருக்கிறது. வரண்ட வலயத்துத் தோட்டங்களில் விளைகிற கத்தரிக்காய் தம்புள்ளைக்கு வந்து, அங்கிருந்து நாலந்தை வழியாக மாத்தளைச் சந்தைக்கு இறங்கி, பிறகு பஸ்ஸில் எங்கள் தோட்டத்துக்கு ஏறி வருகிறது. அம்மா வாங்கி வரும் கத்தரிக்காயும் எங்கள் பாட்டன் பூட்டன்களும் ஒரே ரோட்டில் வந்தவர்கள் என்று நான் சொன்னபோது, அம்மா "கத்தரிக்காயாச்சும் லொறியில வருது" என்றார்.

அடுப்பும் மிலாறும்

சுடுவது என்கிற சமையல் முறை ஏன் லயத்தில் நிலைத்தது என்று புரிய, லயத்து அடுப்பைப் பார்க்க வேண்டும்.

ஒரு காம்பரா என்பது ஏறக்குறைய பத்துக்குப் பன்னிரண்டு அடி. படுக்கை, பெட்டி, சாமி படம், பிள்ளைகள் எல்லாம் அதற்குள்தான். சமையலறை என்று தனியாக ஒன்று கட்டித் தரவில்லை. பல வீடுகளில் முன்னால் இருந்த இஸ்தோப்பையே அடைத்து அடுப்பு போட்டுக்கொண்டார்கள். விறகுக்கு மிலாறு. மிலாறு தெரியாதவர்களுக்கு: தேயிலைச் செடியைச் சில வருடத்துக்கு ஒரு தடவை கவ்வாத்து வெட்டுவார்கள், அப்போது விழுகிற காய்ந்த குச்சிதான் மிலாறு. தேயிலையின் கொழுந்து கப்பலில் போனது. குச்சி எங்கள் அடுப்புக்கு வந்தது.

மிலாறு நன்றாக எரியும், எரிந்து முடிந்ததும் நல்ல தணல் தரும். காலையிலிருந்து மலையில் நின்றுவிட்டு ஐந்து மணிக்குமேல் வீட்டுக்கு வருகிற ஒருத்திக்கு, ஒரே அடுப்பில் முதலில் தேத்தண்ணி, பிறகு சோறோ ரொட்டியோ ஆக வேண்டும். இரண்டாவது அடுப்பு கிடையாது, இரண்டாவது சட்டி பல வீட்டில் கிடையாது. சோறு வேகும்போதே அடுப்பின் வாயில் இழுத்துவிட்ட தணலில் கத்தரிக்காய் தானாக வெந்துவிடும். எண்ணெய் வேண்டாம், சட்டி வேண்டாம், பக்கத்திலேயே நிற்கவும் வேண்டாம்.

எண்ணெய் வேண்டாம் என்பதைச் சும்மா கடந்துபோக முடியாது. கத்தரிக்காயின் சதை பஞ்சு மாதிரி. உள்ளே எல்லாம் சின்னச் சின்னக் காற்றறைகள். பொரித்தால் ஊற்றுகிற எண்ணெயை எல்லாம் குடித்துவிடும். சிங்களச் சமையலில் வம்பட்டு மோஜு என்று ஒரு அருமையான கறி இருக்கிறது, கத்தரிக்காயைப் பொரித்துப் புளிப்பும் இனிப்புமாகச் செய்வது. கல்யாண வீட்டில் சாப்பிட்டிருப்பீர்கள். அதற்குச் சட்டி நிறைய எண்ணெய் வேண்டும். அதே காயை நெருப்பில் போட்டால் அந்தப் பஞ்சு அப்படியே அமுங்கி, தன் தண்ணீரிலேயே வெந்து குழைந்துவிடும்.

இதைச் சொல்லும்போது புகையை நான் கொண்டாடவில்லை. புகைபோக்கி இல்லாத அந்த இஸ்தோப்பில் நாற்பது வருடம் ஊதிய அம்மாயிக்கு ராத்திரி முழுக்க இருமல். இன்றைக்கு ரெஸ்டூரண்டில் 'ஸ்மோக்கி' என்று சொல்லி விற்கிற அந்த ருசியின் மீதி அவர் நெஞ்சில்தான் இருக்கிறது.

கத்தரிக்காய்க்கும் பயணக் கதை உண்டு

கத்தரிக்காய் ஆசியாவின் காய். இந்தியப் பக்கத்தில் மிகப் பழைய காலத்திலிருந்தே விளைகிறது. அதன் ஒரு சமஸ்கிருதப் பெயர் பாரசீகத்துக்குப் போய், அரபு மொழிக்குப் போய், அங்கிருந்து போர்த்துக்கேய மொழியில் 'பெரிஞ்செலா' ஆனது. போர்த்துக்கேயர் அந்தச் சொல்லை மறுபடி இந்தியாவுக்குக் கொண்டுவர, அது 'பிரிஞ்சால்' என்று ஆங்கிலத்தில் ஏறியது. கடையில் பிரிஞ்சால் என்று சொல்கிறோமே, அது ஊரைச் சுற்றிவிட்டு வீடு திரும்பிய சொல்.

மிளகாய் வந்தது எதிர்ப்பக்கமாக. அமெரிக்கக் கண்டத்தின் செடி. 16ஆம் நூற்றாண்டில் போர்த்துக்கேயர் வழியாக நம் பக்கம் வந்தது. அதற்கு முன் காரம் என்றால் மிளகு. மாத்தளைக்காரர்களுக்கு மிளகைப் பற்றிச் சொல்லித்தரத் தேவையில்லை, பாதி வீட்டு வேலியில் கொடி ஏறி நிற்கிறது. புதிதாக வந்த காய்க்குத் தமிழர்கள் மிளகு என்ற பழைய சொல்லிலிருந்தே மிளகாய் என்று பெயர் வைத்தார்கள். சிங்களவர்கள் இன்னும் ஒரு படி மேலே போய், மிளகின் பெயரான 'மிரிஸ்' என்பதை மிளகாய்க்கே கொடுத்துவிட்டு, மிளகைக் 'கம்மிரிஸ்', அதாவது ஊர் மிரிஸ் என்று மாற்றிவிட்டார்கள். விருந்தாளி வீட்டுக்காரராகவும் வீட்டுக்காரர் விருந்தாளியாகவும் ஆன கதை. எங்கள் வீட்டில் மிளகாய் என்று சொல்லவே மாட்டார்கள், கொச்சிக்காய்தான். கொச்சித் துறைமுகத்தின் பெயர் இன்னும் அதில் ஒட்டிக்கொண்டிருக்கிறது.

அப்படியானால் அம்மாயியின் தட்டில் இருக்கிற அந்தச் சின்னக் குவியலில் ஒரு பொருள் இந்தப் பக்கத்தது, ஒன்று கடல் தாண்டி வந்தது, செய்த கை இரண்டு மூன்று தலைமுறைக்கு முன் தோணியில் வந்தது.

டிரினிடாட்டில் இதற்குப் பெயர் சோக்கா

இந்தக் கட்டுரைக்காகத் தேடும்போதுதான் ஒரு விஷயம் என்னைப் பிடித்து நிறுத்தியது.

கத்தரிக்காயைச் சுட்டுப் பிசைவது நமக்கு மட்டும் உரியது இல்லை. தமிழ்நாட்டில் சுட்ட கத்தரிக்காய்த் துவையல் உண்டு. யாழ்ப்பாணத்தில் தேங்காய்ப்பாலும் தேசிக்காயும் விட்டுச் சம்பல் போடுவார்கள். வடஇந்தியாவில் அது 'பர்த்தா', பீகார்ப் பக்கத்தில் 'சோக்கா'.

அந்தப் போஜ்புரிச் சனங்களைத்தான் பிரிட்டிஷ்காரர்கள் ஒப்பந்தக் கூலிகளாகக் கரும்புத் தோட்டங்களுக்குக் கப்பலேற்றினார்கள். 1834இல் மொரிஷியஸ், 1838இல் பிரிட்டிஷ் கயானா, 1845இல் டிரினிடாட். அங்கேயும் வரிசை வரிசையான தோட்டக் குடியிருப்பு, அங்கேயும் அளந்து கொடுத்த ரேஷன். சோக்காவும் அவர்களோடு போனது. இன்றைக்கு டிரினிடாட்டிலும் கயானாவிலும் 'பைகன் சோக்கா' எல்லாருக்கும் தெரிந்த சாப்பாடு. கத்தரிக்காயில் கீறிப் பூண்டுப் பல்லைச் செருகிச் சுடுவார்கள், கடைசியில் காய்ந்த எண்ணெயை மேலே ஊற்றுவார்கள், ரொட்டியோடு காலைச் சாப்பாடாகச் சாப்பிடுவார்கள். இந்தியர் மட்டுமல்ல, ஆப்பிரிக்க வம்சாவளியினரும் அதைத் தங்கள் நாட்டுச் சாப்பாடாகவே பார்க்கிறார்கள். முதல் கப்பல் வந்த மே 30ஆம் தேதி டிரினிடாட்டில் அரச விடுமுறை.

இரண்டு கதையும் அப்படியே ஒன்று என்று சொல்ல முடியாது. அவர்கள் கையெழுத்து வைத்த ஒப்பந்தத்தில் போனவர்கள், நம் ஆட்கள் கங்காணியின் கடனில் வந்தவர்கள். ஆனால் ஒரே பேரரசின் இரண்டு மூலையில், ஒருவரையொருவர் பார்க்காத இரண்டு கூட்டத்துப் பெண்கள், வேலை முடிந்து வந்து அடுப்பில் கத்தரிக்காயைத் திருப்பிப் போட்டுக்கொண்டிருந்தார்கள். அங்கே அது மெனு கார்டில் பெயரோடு இருக்கிறது. இங்கே எங்கள் வீட்டில் விருந்தாளி வந்தால் அம்மா அதை மேசையில் வைக்க விடமாட்டார்.

ஏன் விடமாட்டார்?

1974

அம்மாயியிடம் இதைக் கேட்டபோது முதலில் "அது கெடக்கு" என்று மழுப்பினார். இரண்டு நாள் கழித்து அவராகவே சொன்னார்.

காகிதத்தில் இருப்பதை முதலில் சொல்கிறேன். எழுபதுகளின் தொடக்கத்தில் உலகச் சந்தையில் உணவு விலை ஏறியது. நாட்டில் அந்நியச் செலாவணி இல்லை. 1973இல் கூப்பன் அரிசி குறைந்தது, மா விலை ஏறியது. ஓர் ஊரிலிருந்து இன்னோர் ஊருக்கு அரிசி கொண்டுபோவதைத் தடுக்க ரோட்டில் தடை போட்டுச் சோதித்தார்கள். 'ஹால் பொலு' என்று சிங்களத்தில் சொல்வார்கள். கிராமத்தில் இருந்தவர்களுக்கு ஒரு துண்டு நிலமாவது இருந்தது. மரவள்ளியோ பலாவோ இருந்தது. தோட்டத்து ஆட்களுக்கு நிற்கிற இடம்கூடச் சொந்தம் இல்லை. பாதிப் பேருக்குக் குடியுரிமையும் இல்லை. 1948இல் பறித்தது, 1964இல் இரண்டு நாட்டுப் பிரதமர்களும் ஒப்பந்தம் போட்டு, 9,75,000 பேரில் உனக்கு இவ்வளவு எனக்கு இவ்வளவு என்று பங்கு பிரித்தது, எல்லாம் அந்தரத்தில் தொங்கிய காலம். 1974இல் தோட்டப்புறங்களில் இறப்பு விகிதம் திடீரென்று ஏறியது. பசிதான் காரணம் என்பதை ஆய்வாளர்கள் எழுதியிருக்கிறார்கள்.

இது அம்மாயி சொன்னது. அவருக்கு அப்போது இருபத்து நாலு வயது, அம்மா கைக்குழந்தை.

"மாவு இல்ல. அரிசி இல்ல. லயத்துக்குப் பின்னால மூணு கத்தரிச் செடி இருந்துச்சு. ஒத்தக் கத்தரிக்காய சுட்டு, உப்புத் தண்ணி ஊத்திப் பெசஞ்சு, ஆறு பேரு திம்போம். தேங்கா இல்ல, வெங்காயம் இல்ல. சோறே இல்லாம தொட்டுக்கிறத மட்டும் திங்கறத யாருகிட்ட சொல்றது? பக்கத்து காம்பராக்காரி வந்தா, சட்டியில தண்ணிய ஊத்தி அடுப்புல வச்சி மூடிருவேன். கறி கொதிக்குதுன்னு நெனச்சிக்கட்டும்னு. பொறவு ஒரு நா அவ காம்பராவுக்குப் போனேன். அவளும் சட்டிய மூடி வச்சிருந்தா. ரெண்டு பேரும் ஒன்னும் கேட்டுக்கல."

அம்மா ஏன் அதை விருந்தாளிக்கு வைப்பதில்லை என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. அம்மாவுக்கு அந்த நாட்கள் ஞாபகம் இருக்க வழியில்லை. ஆனால் அந்த வெட்கம் வந்து சேர்ந்திருக்கிறது. சாப்பாட்டோடு சேர்ந்து அதுவும் கைமாறியிருக்கிறது.

அதற்கடுத்த வருடங்களில் நிறையப் பேர் போய்விட்டார்கள். 1972இலும் 1975இலும் வந்த காணிச் சீர்திருத்தத்தில் தோட்டங்கள் கைமாறின. கண்டி, மாத்தளைப் பக்கத்தில் பல தோட்டங்களில் ஆட்கள் வேலையையும் லயத்தையும் இழந்தார்கள். 1977 கலவரமும் சேர்ந்துகொண்டது. சிலர் வவுனியாவுக்கும் கிளிநொச்சிக்கும் போனார்கள். சிலர் ஒப்பந்தப்படி இந்தியா போய் நீலகிரியில் மறுபடி தேயிலைத் தோட்டத்திலேயே வேலைக்குச் சேர்ந்தார்கள். பக்கத்து காம்பராக்காரி கூடலூர் போனதாக அம்மாயி சொன்னார். அதற்குப் பிறகு தகவல் இல்லை.

மறுபடி விறகு

2021 கடைசியில் நாடெங்கும் காஸ் அடுப்புகள் வெடித்த செய்திகள் வந்தன. 2022இல் சிலிண்டரே இல்லை, வரிசையில் நாள்கணக்கில் நின்றார்கள். அப்போது நான் ஏ.எல். படித்துக்கொண்டிருந்தேன். மாத்தளை டவுனில் இருக்கிற சித்தி, வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, மிலாறு கட்டு கேட்டு ஆள் அனுப்பினார். அடுப்பு எப்படிப் பற்றவைப்பது என்று அம்மாயியிடம் ஃபோனில் கேட்டார். அம்மாயிக்கு ஒரே குஷி.

ஆனால் விலை குஷியாக இல்லை. தோட்டத் தொழிலாளிக்கு நாளைக்கு 1,000 ரூபாய் என்று 2021இல்தான் வர்த்தமானியில் வந்திருந்தது. அதற்காக எத்தனை வருடம் கத்த வேண்டியிருந்தது என்று எல்லாருக்கும் தெரியும். 2022 செப்டம்பரில் கொழும்பு நுகர்வோர் விலைச் சுட்டெண்ணின்படி உணவுப் பணவீக்கம் 94.9 சதவீதம். அதாவது முந்தின வருடம் 100 ரூபாய்க்கு வாங்கிய சாப்பாட்டுச் சாமான் ஏறக்குறைய 195 ரூபாய். 2021 உரத் தடைக்குப் பிறகு மரக்கறி விளைச்சலும் குறைந்துபோயிருந்தது. தம்புள்ளை பக்கத்திலேயே இருந்தும் கத்தரிக்காயை எண்ணித்தான் வாங்கினோம்.

அந்த மாதங்களில் எங்கள் வீட்டில் வாரத்துக்கு மூன்று நாள் ரொட்டியும் சுட்ட கத்தரிக்காயும். அம்மாயி அப்போது 1974 பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. ஆனால் லயத்துக்குப் பின்னால் ஆறு கத்தரிச் செடி நட்டார். இன்றைக்கும் நாலு நிற்கிறது.

செய்வது எப்படி

அம்மாயி சொல்லச் சொல்ல நான் எழுதியது. நாலு பேருக்குப் போதும்.

நீளமான ஊதாக் கத்தரிக்காய் ரெண்டு, நடுத்தர அளவில். கையில் தூக்கிப் பார்த்தால் கனமில்லாமல் இருக்க வேண்டும். கனமாக இருந்தால் விதை முற்றியிருக்கும். கழுவித் துடைத்து, கத்தி முனையால் நாலைந்து இடத்தில் குத்திவிடுங்கள். நான் கம்பஸ் போர்டிங்கில் குத்தாமல் காஸ் அடுப்பில் வைத்தேன், படாரென்று வெடித்துச் சுவரெல்லாம் கத்தரிக்காய்.

விறகு அடுப்பு என்றால் சுவாலையில் வைக்கக் கூடாது, தணலில் வையுங்கள். சுவாலை வெளியைக் கருக்கும், உள்ளே பச்சையாக இருக்கும். காஸ் என்றால் நேராகப் பர்னர் மேலே, சின்ன நெருப்பில். இரண்டு மூன்று நிமிடத்துக்கு ஒரு தடவை திருப்ப வேண்டும். தோல் முழுக்கக் கருகி, காம்புப் பக்கம் அமுக்கினால் உள்ளே போக வேண்டும். கால் மணி நேரம், கொஞ்சம் கூடவும் ஆகலாம். அதே நெருப்பில் ரெண்டு மூன்று பச்சைக் கொச்சிக்காயையும், தோலோடு எட்டுச் சின்ன வெங்காயத்தையும் போட்டு லேசாகச் சுட்டு எடுங்கள்.

சுட்ட காயை ஒரு கோப்பையில் போட்டு ஐந்து நிமிடம் மூடி வையுங்கள். தோல் தானாகக் கழன்று வரும். குழாயடியில் கழுவாதீர்கள். சுட்டதன் வாசமெல்லாம் தண்ணீரோடு போய்விடும். விரலைத் தண்ணீரில் நனைத்து நனைத்து உரித்தால் போதும். அங்கங்கே கருகிய துணுக்கு ஒட்டியிருந்தால் இருக்கட்டும்.

பிறகு கையால் பிசைய வேண்டும். மிக்ஸியில் அடித்தால் கூழாகிவிடும். கொச்சிக்காயையும் வெங்காயத்தையும் தட்டிப் போட்டு, உப்புச் சேர்த்து, கால் கப் கெட்டித் தேங்காய்ப்பால் ஊற்றுங்கள். மாசி இருந்தால் ஒரு தேக்கரண்டி இடித்துப் போடலாம். தேசிக்காய் அரைப் பாதி, கடைசியாக, காய் ஆறின பிறகு. சூட்டில் பிழிந்தால் பால் திரிந்து கசந்துபோகும்.

சோறு, ரொட்டி, பாண் எதோடும் சாப்பிடலாம்.

அட்டவணை

மலையக மக்களின் பாட்டுக்கள் இன்றைக்கு நமக்குக் கிடைக்கின்றன என்றால், சி.வி. வேலுப்பிள்ளை போன்றவர்கள் உட்கார்ந்து கேட்டு எழுதி வைத்ததால்தான். பாட்டுக்கு அப்படிச் சிலர் இருந்தார்கள். தொட்டுக்கொண்டதற்கு அப்படி உட்கார்ந்து கேட்டவர்கள் குறைவு. அதை அறிந்த அம்மாயிகள் ஒவ்வொருவராகப் போய்க்கொண்டிருக்கிறார்கள்.

கட்டுரையைத் திருப்பிக் கொடுக்கும் முன் என் அட்டவணையில் ஒரு நிரல் கூட்டினேன். ஆண்டு, சட்டம், அரிசி, விலை என்பதோடு ஐந்தாவதாக 'தொட்டுக்க'. கோப்பிக் காலத்துக்கு நேரே வெற்றுக் கட்டம். 1927க்கு நேரே வெற்றுக் கட்டம். 1942க்கு நேரேயும் அப்படித்தான். 1974க்கு நேரே மட்டும் எழுதினேன்: சுட்ட கத்தரிக்காய், உப்புத் தண்ணீர், ஆறு பேருக்கு ஒன்று.

மற்றக் கட்டங்களை நிரப்ப உங்கள் வீட்டுப் பாட்டிகளிடம் கேளுங்கள். 1942இல் சின்னப் பிள்ளையாக இருந்தவர்கள் இன்னும் சிலர் இருக்கிறார்கள். அரிசி எவ்வளவு கிடைத்தது என்று கேட்காதீர்கள், அது ஆவணத்தில் இருக்கிறது.

லீவு முடிந்து வரும் முன் கடைசி ராத்திரி நானே சுட்டு, நானே பிசைந்து கொடுத்தேன். அன்றைக்குச் சித்தி வீட்டிலிருந்து ஆட்கள் வந்திருந்தார்கள். அம்மா ஒன்றும் சொல்லாமல் கோப்பையை எடுத்து மேசை நடுவில் வைத்தார். அம்மாயி ஒரு வாய் எடுத்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்.

"உப்பு பத்தல. எழுதிக்க."